பழி வேண்டாத சுற்றத்தார்

மரண தண்டனை வேண்டுமா வேண்டாவா என்பது கல்லூரிச் சொற்போர்க் கழகங்களில் ஆண்டுதோறும் எழுந்து, ஆண்டுதோறும் தீராமலே விடப்படும் பொருள்களுள் ஒன்று. குற்றம் பெருகாதிருக்க அச்சம் வேண்டும் என்பர் ஒரு சாரார். நியாயாதிபதியும் மனிதரே ஆதலால் தவறக்கூடும் என்றும், தவறிய தீர்ப்பைக் கயிறு இறுகிய பின் திருத்துதல் இயலாது என்றும் மறுப்பர் மற்றொரு சாரார். வாதம் இவ்வாறு நடந்துகொண்டிருக்கையில் அவையின் கடைசி வரிசையிலிருந்து ஒருவர் எழுந்து, "உமது தாயை ஒருவன் கொன்றிருந்தால் அப்பொழுதும் இவ்வாறே பேசுவீரோ?" என்று வினவுவார். அவையினர் கைகொட்டுவர். மறுத்துப் பேசியவர் வாயடைத்து நிற்பார். அவருடைய தாயாரோ கடவுள் கிருபையால் வீட்டில் நலமாக இருப்பார்; ஆதலின் அவ்வினாவிற்கு அவரால் உண்மையான விடை கூற முடியாது.

ஆயின், அவ்வினாவை வாழ்க்கையே நேரில் கேட்டுவிட, அதற்கு விடையிறுக்க வேண்டியவரான மக்கள் உலகில் உளர். அவர்களுள் பெரும்பாலோர், கொன்றவன் கொல்லப்படவேண்டும் என்றே விரும்புவர். அது மனித இயற்கை. அதனைக் குறைகூற நமக்கு உரிமையில்லை. சிலர் மட்டும், "எங்கள் பொருட்டு மற்றோர் உயிரை வாங்க வேண்டா" என்று அரசாங்கத்தின்முன் சென்று வேண்டினர். அவருள்ளும் சிலர் கொலைஞனையோ அவனுடைய பெற்றோரையோ தேடிச் சென்று பேசினர். அவர்கள் அவ்வாறு செய்ததன் காரணம் யாது என்று ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம். அமெரிக்க ஐக்கிய நாட்டில் இவர்கள் ஒரு சங்கமாகவே கூடியுள்ளமையால், நம் எடுத்துக்காட்டுகள் பெரும்பாலும் அந்நாட்டினின்றே வரும்.

தொடங்குமுன் சொல்லொன்றைப் பற்றிச் சிறிது கூறவேண்டும். பகைத்தவர் மீண்டும் கூடுதலை நம் வேதாகமத் தமிழ் 'ஒப்புரவாகுதல்' என்கிறது. திருக்குறளிலோ 'ஒப்புரவறிதல்' என்னும் அதிகாரம் பகை தீர்தலைப் பற்றியதன்று. ஊரார்க்கு உதவி வாழும் உலக நடையைப் பற்றியது. ஒரே சொல் இவ்விரு பொருளையும் தாங்குதல் தற்செயலாக இருக்கலாம். எனினும், கீழே வரும் வரலாறுகளைப் படிக்குங்கால் அவ்விரு பொருளும் நெடுந்தொலைவில் இல்லை என்று தோன்றுகிறது.

இந்தியானா மாகாணத்தில் கேரி என்னும் நகரம் உருக்குத் தொழிலால் வளர்ந்து, அத்தொழில் குன்றியபோது தானும் குன்றிய ஊர். அங்கே ரூத் பெல்கி என்னும் மூதாட்டியார் தனியே வாழ்ந்து வந்தார். அவருக்கு வயது 78. அண்டை அயலிலுள்ள சிறுவர் சிறுமியரை வீட்டிற்கு அழைத்து, துணிப்பலகையில் படங்களை ஒட்டி வேதாகமக் கதைகள் சொல்லிக்கொடுப்பது அவர் நெடுநாளாகச் செய்துவந்த தொண்டு. 1985-ஆம் ஆண்டு மே மாதம் 14-ஆம் நாள் பிற்பகலில் பள்ளிக்கூடத்துச் சிறுமியர் சிலர் அவர் வீட்டுக் கதவைத் தட்டி, வேத பாடத்தைப் பற்றி அறிய வந்ததாகச் சொன்னார்கள். அவர் கதவைத் திறந்தார். பாட்டியார் அவர்களுக்கு வேண்டிய விவரத்தை எழுதிக் கொடுக்கத் திரும்பிய வேளையில் தாக்கப்பட்டார். முப்பத்துமூன்று முறை கத்தியால் குத்தப்பட்டு, தம் உணவறைத் தரையில் உயிர்விட்டார். அவர்கள் கொண்டுபோனது பத்து டாலர் பணமும் ஒரு பழைய மோட்டார் வண்டியும். மறுநாள் உடலைக் கண்டெடுத்தவர் அவருக்கு மகன் முறையானவர்.

குத்தியவள் பவுலா கூப்பர் என்னும் பதினைந்து வயதுப் பெண். அவள் குற்றத்தை ஒப்புக்கொண்டாள். அக்காலத்து இந்தியானாச் சட்டப்படி பத்து வயதுக் குழந்தைக்குக்கூட மரண தண்டனை விதிக்கலாம் என்பதை இன்று படிப்போர் நம்பமாட்டார்கள். எனினும் சட்டம் அவ்வாறே இருந்தது. 1986-ஆம் ஆண்டு ஜூலை 11-ஆம் நாள் அவளுக்கு மரண தண்டனை விதிக்கப்பட்டது. அப்பொழுது அவளுக்கு வயது பதினாறு.

நியாயஸ்தலத்தில் அன்று அமர்ந்திருந்தவர்களுள் ரூத் அம்மையாரின் பேரர் பில் பெல்கி என்பவரும் ஒருவர். அவர் உருக்குத் தொழிற்சாலையில் பாரந்தூக்கி யந்திரம் ஓட்டும் தொழிலாளி. அவருடைய தந்தையார் கொலைக்குத் தக்க தண்டனை மரணமே என்று நியாயஸ்தலத்தில் சாட்சி கூறியவர். பில் பெல்கியும் அன்று அத்தீர்ப்பைச் சரியென்றே கொண்டார். அவர் கொண்ட நியாயத்தை இங்கே நிதானித்துப் பார்க்கவேண்டும். மற்றக் கொலைகளுக்கு மரண தண்டனை உண்டென்றால், தம் பாட்டியாரைக் கொன்றதற்கு மட்டும் அது வேண்டாவென்று விடுதல் அவருடைய உயிரைக் குறைவாக மதிப்பதாகும் என்று அவர் எண்ணினார். இறந்தவர்பால் வைத்த அன்பே இங்குத் தண்டனையைக் கேட்கிறது. வெறுங் கோபம் என்று இதனைத் தள்ளிவிடுவோர் இவ்விஷயத்தை இன்னும் விளங்கிக்கொள்ளாதவர்.

அன்று நிகழ்ந்த மற்றொன்றும் அவர் மனத்தில் தங்கிற்று. தீர்ப்பு வாசிக்கப்படுமுன்னரே அவையிலிருந்த முதியவர் ஒருவர், தம் குழந்தையைக் கொல்லப்போகிறார்களே என்று வாய்விட்டு அழுதார். சேவகர்கள் அவரை வெளியே நடத்திச் சென்றார்கள். அவர் பவுலாவின் பாட்டனார்.

நான்கு மாதங்கள் கழிந்தன. நவம்பர் 2-ஆம் நாள் இரவு, தொழிற்சாலைக் கூரையை அடுத்து ஏறக்குறைய ஐம்பதடி உயரத்தில் பாரந்தூக்கியின் அறைக்குள் பில் பெல்கி தனியே இருந்தார். வேலை ஓய்ந்திருந்த நேரம். சொந்தத் துயரங்களாலும் மனம் நொந்திருந்த அவர் அங்கேயே அமர்ந்து பிரார்த்தனை செய்தார். பாட்டியார் நினைவுக்கு வந்தார். அதுகாறும் அவரை நினைக்குந்தோறும் பேரருடைய மனக்கண்முன் எழுந்தது உணவறைத் தரையும் அதில் கிடந்த உடலுமே. மகிழ்ச்சியான நாட்கள் எத்தனையோ அவ்வீட்டில் கழிந்திருந்தும், அந்த ஒரு பிற்பகல் அவை யாவற்றையும் மறைத்து நின்றது. அன்றிரவோ அவருக்குத் தோன்றியது கண்ணீர் வழியும் பாட்டியாரின் முகம். அக்கண்ணீர் அவர் தமக்காக வடிப்பதன்று, பவுலாவுக்காகவும் அவள் குடும்பத்தாருக்காகவும் வடிப்பது என்று பேரர் உணர்ந்தார். வேதக்கதை கேட்க வந்தவளென்று கதவைத் திறந்தவர், அப்பெண் மின்சாரத்தால் கொல்லப்படுவதை விரும்பியிருப்பாரோ? விரும்பியிரார் என்பதில் அவருக்கு ஐயமில்லை. ஏழெழுபது முறை மன்னிக்கச் சொன்ன வாக்கு அவருக்குச் சிறு வயது முதல் பாடம்.

இதன் பின் நிகழ்ந்ததை அவரே பலமுறை விவரித்திருக்கிறார். மன்னிப்பை ஒரு கடமையாகவே அவர் அதுவரை எண்ணியிருந்தார். நாள்தோறும் முயன்று பழகவேண்டிய கசப்பு மருந்து போல. தம்மிடம் இரக்கமில்லையென்று கண்டு, அவ்விரக்கத்தைத் தரும்படி கடவுளை வேண்டினார். இரக்கம் வந்தவுடன் மன்னிக்கவேண்டுமென்னும் முயற்சியே தேவையற்றுப் போயிற்று என்கிறார். அதன்பின் பாட்டியாரை நினைத்தபோதெல்லாம் அவர் இறந்த விதம் முன்வரவில்லை. வாழ்ந்த விதமே முன்வந்தது. என் அறிவிற்கு எட்டியமட்டில், இவ்வரலாறு முழுவதிலும் தலையாய செய்தி இதுவே. கொலை ஒருவருடைய உயிரை மாத்திரம் பறிப்பதில்லை; உற்றாருடைய நினைவிலிருந்து அவர் வாழ்ந்த ஆண்டுகளையும் பறித்துக்கொள்கிறது. பில் பெல்கி மீட்டுக்கொண்டது அவ்வாண்டுகளை.

அவர் பவுலாவுக்குக் கடிதம் எழுதினார். அவளும் மறுமொழி எழுதினாள். சிறைக்குச் சென்று காண அனுமதி கேட்டார், மறுக்கப்பட்டது. 'கொலையுண்டவரின் பேரன் கொலைகாரியை ஏன் காணவேண்டும்' என்னும் ஐயம் அதிகாரிகளுக்கு எழுந்ததில் வியப்பில்லை. இதற்கிடையில் அவளுடைய இளவயதை அறிந்து இத்தாலி நாட்டில் பெருங்கிளர்ச்சி உண்டாயிற்று. பெல்கி அங்கே சென்று பேசினார். இருபது லட்சத்திற்கு மேற்பட்டோர் கையெழுத்திட்டனர். 1987-இல் பாப்பரசர் இரண்டாம் ஜான் பால் அவள் உயிருக்காகப் பரிந்து வேண்டினார். அதே ஆண்டில் இந்தியானாச் சட்டசபை மரண தண்டனைக்குரிய வயதைப் பதினாறாக உயர்த்திற்று; ஆயினும் அச்சட்டம் பவுலாவுக்குப் பொருந்தாது என்றும் வைத்தது. 1988-இல் அந்நாட்டு உச்ச நியாயஸ்தலம் வேறொரு வழக்கில், குற்றம் செய்தபோது பதினாறு நிரம்பாதவரைக் கொல்லலாகாது என்று தீர்த்தது. 1989-ஆம் ஆண்டு ஜூலையில் இந்தியானா உயர் நியாயஸ்தலம் பவுலாவின் தண்டனையை அறுபதாண்டுச் சிறைவாசமாகக் குறைத்தது. வக்கீல்களின் உழைப்பும், சட்டத்தின் போக்கும், மக்கள் குரலும் சேர்ந்து செய்த வேலை அது. பேரரின் மன்னிப்பு ஒன்றே அவளைக் காத்தது என்று சொல்லுதல் உண்மைக்குப் பொருந்தாது. உபதேசக் கதைகள் சொல்வோர் இவ்விடத்தில் சிறிது மிகைபடக் கூறிவிடுகின்றனர்.

அவர் அவளை முதன்முதல் நேரிற் கண்டது 1994-இல். கடிதம் எழுதத் தொடங்கி எட்டாண்டுகள் கழிந்திருந்தன. சிறைச்சாலை அறையில் அவளைத் தழுவி, தாம் மன்னித்ததையும் அவள்பால் அன்புடையதையும் தம் வாயால் சொன்னார்.

இனி, மன்னித்தோர் குற்றத்தை மறந்தனர், அல்லது தண்டனையே வேண்டாவென்றனர் என்று எவரும் கொள்ளலாகாது. மாரியட்டா யேகர் என்னும் அம்மையாரின் வரலாறு இதனைத் தெளிவாக்கும். 1973-ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில் அவர் குடும்பத்துடன் மான்டானா மாகாணத்திற்கு உல்லாசப் பயணம் சென்றிருந்தார். இரவில் கூடாரத்தைக் கத்தியால் கிழித்து, உறங்கிக்கொண்டிருந்த ஏழு வயது மகளை ஒருவன் தூக்கிச் சென்றான். அவன் அகப்பட்டால் தம் கையாலேயே கொன்றுவிடலாம் என்ற வெறி தமக்கு அப்பொழுது இருந்ததை அம்மையார் மறைத்ததில்லை. அவ்வெறி தம்மையே தின்றுவிடும் என்று கண்டு, கடவுளோடு போராடி, அவனை மன்னிக்க விரும்பும் நிலைக்கேனும் வந்தார். மகள் என்ன ஆனாள் என்பது தெரியாமலே ஓராண்டு கழிந்தது. அவனோடு பேச விரும்புவதாக அம்மையார் கூறியது பத்திரிகையில் வெளிவந்தது. மகள் காணாமற்போய்ச் சரியாக ஓராண்டு நிறைந்த அதே இரவில், அதே வேளையில், டெலிபோன் மணி அடித்தது. பேசியவன் அவனே, தாயின் வேதனையைக் கேட்டு மகிழும்பொருட்டுப் பேசினான்.

அவன் எதிர்பார்த்தது அங்கே கிடைக்கவில்லை. அவனுக்கு என்ன துன்பம் என்றும், தாம் அவனுக்குச் செய்யக்கூடியது யாது என்றும் அம்மையார் கேட்டார். அவன் அழுதான். ஒரு மணி நேரத்திற்கு மேல் பேசிக்கொண்டிருந்தான். அப்பேச்சிலிருந்து கிடைத்த குறிப்புகள் துப்பறியும் இலாகாவினர் அவனைப் பிடிப்பதற்குத் துணையாயின. குழந்தை இறந்துவிட்டது அப்பொழுதுதான் உறுதியாயிற்று. மரண தண்டனையைக் கேளாமல் ஆயுள் சிறையோடு நிறுத்தும்படி அம்மையார் அரசாங்க வக்கீலை வேண்ட, அவ்வாக்குறுதியின்பேரில் அவன் நான்கு கொலைகளை ஒப்புக்கொண்டான். சில மணி நேரத்துள் சிறையறையிலேயே தற்கொலை செய்துகொண்டான். அம்மையார் பின்னாளில் அவனுடைய தாயைக் கண்டு நட்புப் பூண்டார்.

இங்கே இரக்கம் குற்றவாளியைத் தப்பவிடவில்லை. அவனைப் பிடித்துக்கொடுத்ததே அதுதான். அவன் சுதந்திரமாக உலவவேண்டுமென்று அத்தாய் ஒருநாளும் விரும்பியதில்லை. அன்பே உருவான ஒரு சிறுமியின் பெயரால் மற்றொரு கொலை நிகழ்தல் அவளுக்குச் செய்யும் அவமதிப்பாகும் என்பது அவருடைய கொள்கை. பில் பெல்கி முதலில் கொண்ட நியாயத்தையும் இதனையும் பக்கத்தில் வைத்துப் பார்க்க. இரண்டிலும் கேள்வி ஒன்றே: இறந்தவருக்குச் செய்யத்தக்க மரியாதை யாது?

இவ்வகைக் குடும்பத்தார் முதன்முதல் ஒன்றுகூடியது 1976-இல். மேரி டீன்ஸ் என்னும் பெண்மணியின் மாமியார் 1972-இல் சிறையினின்று தப்பியோடிய ஒருவனால் கொல்லப்பட்டார். அப்பெண்மணி தோற்றுவித்த சங்கத்திற்கு 'ஒப்புரவை நாடும் கொலையுண்டோர் குடும்பத்தார்' என்று பெயர் கூறலாம். அந்நாட்டு உச்ச நியாயஸ்தலம் மரண தண்டனையை மீண்டும் அனுமதித்த ஆண்டும் அதுவே என்பது நோக்கத்தக்கது. பெல்கி முதலியோர் 1993-இல் இந்தியானா முழுவதும் பதினேழு நாள் யாத்திரை சென்று, பள்ளிகளிலும் ஆலயங்களிலும் தம் கதையைச் சொன்னார்கள். கொலையுண்டோர் குடும்பத்தாரும், மரண தண்டனை பெற்றோர் குடும்பத்தாரும் அந்த யாத்திரையில் ஒரே மேடையில் அமர்ந்தனர்.

இவ்விரு திறத்தாரும் ஏன் கூடவேண்டும் என்பதை விளக்க ஓக்லஹோமா நகரத்து பட் வெல்ச்சின் வரலாறு போதும். அவர் பெட்ரோல் நிலையம் ஒன்று வைத்திருந்தவர். ஒரே மகள் ஜூலி, இருபத்துமூன்று வயதினள், அரசாங்கக் காரியாலயத்தில் ஸ்பானிய மொழிபெயர்ப்பாளராக இருந்தாள். 1995-ஆம் ஆண்டு ஏப்ரல் 19-ஆம் நாள் காலையில் திமொத்தி மெக்வே என்பவன் வெடிமருந்து நிரப்பிய லாரியை அக்கட்டடத்தின்முன் நிறுத்தி வெடிக்கச் செய்தான். ஜூலி உட்பட 168 பேர் மாண்டனர். வெல்ச் முன்பு மரண தண்டனையை எதிர்த்தவரே. மகள் இறந்த பின்னரோ, விசாரணையே வேண்டா, உடனே கொல்லுங்கள் என்னும் நிலைக்கு வந்தார். குடியும் புகையும் மிகுந்தன. ஏறக்குறைய ஒன்பது மாதம் கழித்து, இடிந்த கட்டடத்தின் எதிரே உயிர்தப்பி நின்ற எல்ம் மரத்தடியில் நின்று, மெக்வே இறந்தால் தமக்கு என்ன கிடைக்கும் என்று தம்மையே கேட்டார். ஒன்றும் கிடைக்காது என்று அவர் மனம் சொல்லிற்று. ஜூலி மாணவியாயிருந்த காலத்தில் ஒருநாள் இருவரும் மோட்டாரில் செல்லுகையில், டெக்ஸாஸில் ஒருவன் கொல்லப்பட்ட செய்தியை ரேடியோவில் கேட்டு, குழந்தைகளுக்குப் பகைமையைக் கற்பிப்பதன்றி இதனால் வேறு பயனில்லை என்னும் கருத்துப்படப் பேசியிருந்தாள். தந்தைக்கு அது அப்பொழுது நினைவுக்கு வந்தது.

மெக்வேயின் தந்தையை அவர் ஒருமுறை தொலைக்காட்சியில் கண்டிருந்தார். தோட்டத்தில் குனிந்து வேலை செய்துகொண்டிருந்த அம்மனிதர் ஒரு கணம் நிமிர்ந்து நோக்கியபோது, அக்கண்களில் இருந்த துயரத்தைத் தம்மால் அடையாளங்காண முடிந்தது என்கிறார் வெல்ச். 1998-இல் நியூயார்க் மாகாணத்தின் மேற்குப் பகுதிக்குச் சென்று அவரைச் சந்தித்தார். இருவரும் உழைத்துண்ணும் வகுப்பினர்; அதிகம் பேசத் தெரியாதவர். முதலில் தோட்டத்தைச் சுற்றி வந்தார்கள். பின்பு சமையலறையில் மெக்வேயின் தங்கையும் சேர மூவரும் அமர்ந்தனர். சுவரில் மாட்டியிருந்த திமொத்தியின் பள்ளிப் படத்தை வெல்ச் மீண்டும் மீண்டும் பார்த்தார். விடைபெறும்போது அத்தங்கை அவரைக் கட்டிக்கொண்டு தேம்பி அழுதாள். அவளுடைய அண்ணன் இறப்பதைத் தாம் விரும்பவில்லை என்றும், அதனைத் தடுக்கத் தம்மால் ஆனதைச் செய்வதாகவும் அவர் சொன்னார். தடுக்க முடியவில்லை. 2001-ஆம் ஆண்டு ஜூன் 11-ஆம் நாள் மெக்வே கொல்லப்பட்டான். ஜூலியின் தந்தையைப் போலவே அன்று மற்றொரு தந்தையும் பிள்ளையை இழந்தார்.

நம் நாட்டிலும் இதற்கு ஒப்பானவை உண்டு. மகாத்மா காந்தியடிகளைச் சுட்டுக்கொன்ற கோட்சேக்கு மரண தண்டனை விதிக்கப்பட்டபோது, அடிகளின் புதல்வர்களான மணிலாலும் ராமதாஸும் அதனைக் குறைக்கும்படி வேண்டினர். அகிம்சையே வாழ்வாகக் கொண்டவரின் பெயரால் தூக்குமரம் நாட்டுவது தகாது என்பது அவர்களுடைய முறையீட்டின் சாரம். அக்காலத்தில் கவர்னர் ஜெனரலாக இருந்தவர் நம் இராஜாஜி. வேண்டுகோள் ஏற்கப்படவில்லை, 1949-ஆம் ஆண்டு நவம்பர் 15-ஆம் நாள் அம்பாலாச் சிறையில் தண்டனை நிறைவேறிற்று. அரசாங்கம் தன் கடமையென்று கருதியதைச் செய்தது. எனினும், மக்களின் முறையீட்டில் தந்தையின் குரல் கேட்டது என்பதை மறுப்பார் யார்?

மன்னிப்பும் தண்டனைக் குறைப்பும் ஒன்றல்ல என்பதற்கும் நம் நாட்டிலேயே சான்று உண்டு. 1999-ஆம் ஆண்டு ஜனவரியில் ஒடிசாவின் மனோகர்பூர் கிராமத்தில், குஷ்டரோகிகளுக்குத் தொண்டு செய்துவந்த கிரஹாம் ஸ்டெயின்ஸ் என்பவரும் அவருடைய சிறுவயதுப் புதல்வர் இருவரும் வண்டிக்குள் உறங்கிக்கொண்டிருக்கையில் எரித்துக் கொல்லப்பட்டனர். மனைவியார் கிளாடிஸ் அம்மையார் கொன்றோரை மன்னித்ததாக உடனே அறிவித்தார். ஆனால் மன்னிப்பது தம் காரியம், குற்றத்தின் விளைவு சட்டத்தின் காரியம் என்று பிரித்தே பேசினார். முதற்குற்றவாளிக்கு 2003-இல் விதிக்கப்பட்ட மரண தண்டனையை 2005-இல் உயர் நியாயஸ்தலம் ஆயுள் தண்டனையாக்கிற்று. 2011-இல் உச்ச நியாயஸ்தலமும் அதனை உறுதிசெய்தது. பெல்கியும் யேகர் அம்மையாரும் சென்ற வழியினின்று இது சிறிது வேறு. இவ்வேறுபாட்டை மாணவர் கலக்காமல் நினைவில் வைக்கவேண்டும்.

இனி, தடை ஒன்று எழுகின்றது. இறந்தவர் விருப்பம் இன்னதென்று உற்றார் கூறுவதை எவ்வாறு நம்புவது? இறந்தவரைக் கூண்டிலேற்றி விசாரிக்க முடியாது. ஒரு மகன் தாயின் கண்ணீரைக் காண்கிறான். அதே தாயின் மற்றொரு மகன் அவளுடைய இரத்தம் பழி கேட்பதைக் கேட்கிறான். பெல்கியின் குடும்பத்திலேயே தந்தையும் மகனும் இவ்வாறு பிரிந்து நின்றார்கள். இத்தடைக்கு முற்றான விடையில்லை என்றே கருதுகிறேன். உற்றாருடைய விருப்பத்தின்படியே தண்டனை அமையவேண்டும் என்றால், மன்னிக்கும் மக்களைப் பெற்றவனைக் கொன்றவன் பிழைப்பான். மன்னியாத மக்களைப் பெற்றவனைக் கொன்றவன் இறப்பான். அது நீதியன்று. கொடியோரைக் கொலையால் ஒறுத்தலைக் களை களைதலோடு ஒப்பிட்ட வள்ளுவரும் அதனை வேந்தன் கடமையாகவே செங்கோன்மையில் வைத்தார். உற்றார் கையில் கொடுத்தாரல்லர்.

அங்ஙனமாயின் உற்றார் பேச்சிற்கு நியாயஸ்தலத்தில் இடமே இல்லையோ எனின், அமெரிக்க நாட்டில் இடமுண்டு. அது கோணலான இடம். தம் இழப்பின் அளவை அவர்கள் எடுத்துரைக்கலாம் என்று 1991-இல் உச்ச நியாயஸ்தலம் தீர்த்தது. இன்ன தண்டனை வேண்டும் என்று அவர்கள் கேட்கலாகாது என்னும் பழைய விலக்கு மாறவில்லை என்று 2016-இல் மீண்டும் கூறிற்று. ஆக, துயரம் எவ்வளவு பெரிதென்று சொல்லலாம்; அத்துயரம் மற்றோர் உயிரைக் கேட்கவில்லை என்று சொல்லலாகாது. கேட்பவர் மனத்தில் எது எழும் என்பதை ஊகிக்கலாம். நெப்ராஸ்கா மாகாணத்தில் 1999-இல் கருணை மனுவை விசாரித்த சபையார், தண்டனையை விரும்பிய உறவினர் பேச இசைந்தனர்; அதனை எதிர்த்த கணவருக்கும் மகளுக்கும் வாய்திறக்க இடந்தரவில்லை. தாய் கொல்லப்பட்டபோது அம்மகள் நடைபழகிய குழந்தை. அவள் கேட்டது விடுதலையை அன்று. பேசும் உரிமையை மாத்திரமே.

ரென்னி குஷிங் என்பவர் இவ்வநீதியைச் சட்டசபைக்கே கொண்டுபோனார். 1988-ஆம் ஆண்டு ஜூன் முதல் நாள் நியூ ஹாம்ப்ஷயரில் அவருடைய தந்தையார் கதவு தட்டும் ஓசை கேட்டுத் திறக்கச் சென்றார். வாயிலிலேயே சுடப்பட்டு மனைவியின் கண்முன் இறந்தார். சுட்டவன் அண்டை வீட்டுப் போலீஸ்காரன். பின்னர்ப் பழைய நண்பர் ஒருவர் கடையில் குஷிங்கைக் கண்டு, கொன்றவர்களைக் கொன்றால்தான் உன் குடும்பத்திற்கு ஆறுதல் வரும் என்று பரிவோடு சொன்னார். குஷிங் முன்பே மரண தண்டனையை எதிர்த்து வந்தவர் என்பது அந்நண்பருக்குத் தெரியும். தந்தை கொலையுண்டதால் கொள்கை மாறியிருக்கும் என்று அவர் எண்ணிக்கொண்டார். நம் சொற்போர் அவையின் கடைசி வரிசையிலிருந்து வந்த அதே வினாதான் இது. ஆனால் இங்கு விடையளிக்க வல்லவரிடம் கேட்கப்பட்டது. கொள்கையையும் விட்டுவிட்டால் கொலைஞர்கள் தந்தையோடு தம் நெறியையும் கொண்டுபோனவராவர் என்று அவர் கருதினார். 2004-இல் மனித உரிமையின் பெயரால் மற்றொரு சங்கம் கண்டார். சட்டசபை அங்கத்தினராகி, தோற்றுத் தோற்று மீண்டும் மசோதா கொணர்ந்தார். 2019-ஆம் ஆண்டு மே 30-ஆம் நாள் கவர்னரின் தடையையும் கடந்து நியூ ஹாம்ப்ஷயரில் மரண தண்டனை ஒழிந்தது. அவர் 2022-இல் காலமானார்.

பவுலா கூப்பரின் கதை இன்னும் மீந்திருக்கிறது. சிறையில் அவள் பள்ளிப் படிப்பை முடித்து, பட்டமும் பெற்றாள். நன்னடத்தைக் கழிவுகள் போக, இருபத்தேழு ஆண்டுகளுக்குமேல் சிறையிருந்து 2013-ஆம் ஆண்டு ஜூன் 17-ஆம் நாள் விடுதலையானாள். இந்தியானபோலிஸ் நகரில், ஏழைக் கைதிகளுக்காக வாதாடும் வக்கீல்களின் காரியாலயத்தில் வேலைக்கு அமர்ந்தாள். 2015-ஆம் ஆண்டு மே மாதம் 26-ஆம் நாள் காலையில் தன்னைத்தானே சுட்டுக்கொண்டு இறந்து கிடந்தாள். வயது 45.

இதனைச் சொல்லாது விட்டுவிடுதல் எளிது. மன்னிப்பைப் பற்றிப் பேசுவோர் பலரும் விட்டுவிடுகின்றனர். அவள் மனத்தில் இருந்தது இன்னதென்று எவரும் துணிந்து கூறலாகாது. பிறர் மன்னித்தாலும், தான் செய்ததைத் தான் சுமக்கும் சுமை வேறு என்பது மட்டும் வெளிப்படை. பேரரின் மன்னிப்பு தோற்றதென்று சிலர் கூறினர். அம்மன்னிப்பு வேண்டியது யாதென்பதை அவர்கள் நினைக்கவில்லை. பதினாறு வயதுப் பெண்ணொருத்தி மின்சார நாற்காலியில் அமர்த்தப்படலாகாது என்று அது வேண்டிற்று, அவள் அமர்த்தப்படவில்லை. கேரி நகரத்து உணவறை, பாட்டியாரைப் பற்றிய ஒரே நினைவாக இருக்கலாகாது என்று வேண்டிற்று, அதுவும் நிறைவேறிற்று. எஞ்சிய இருபத்தொன்பது ஆண்டுகள் அவளுக்குக் கிடைத்தன. அவற்றுள் இரண்டு சிறைக்கு வெளியே.

செய்தி கேட்ட பில் பெல்கி துயரத்தில் ஆழ்ந்தார். பின்னர் மீண்டும் பயணம் புறப்பட்டார். தொழிற்சாலை வேலையினின்று ஓய்வுபெற்று அலாஸ்காவில் குடியேறியிருந்த அவர், 2020-ஆம் ஆண்டு நவம்பர் மாதத்தில் இறக்குமளவும், கேட்க விரும்பிய அவைகளிலெல்லாம் பாட்டியாரையும் பவுலாவையும் பற்றிப் பேசி வந்தார்.